கட் சொன்ன பிறகு

இந்த ஹெட்போனின் பஞ்சில் யார் யாருடைய காது எண்ணெயோ ஊறிப்போயிருக்கிறது, வைத்தவுடன் வழுவழுவென்று ஒட்டிக்கொள்கிறது, கழற்றினாலும் அந்த வழுவழுப்பு காதோரத்தில் தங்கிவிடுகிறது, கைக்குட்டையால் துடைத்தேன், இப்போது கைக்குட்டையும் நாறுகிறது. ஊடகவியல் துறை, எடிட்டிங் அறை என்று வெளியே பலகை. உள்ளே ஏசியிலிருந்து வருவது குளிர்ச்சி அல்ல, செத்த எலிக்குப் பக்கத்தில் ஊதுபத்தி கொளுத்தினால் வரும் ஒரு வாசனை. யாரோ சமோசா தின்ற கையோடு கீபோர்டைத் தட்டியிருக்கிறார்கள், நாலைந்து எழுத்துகளின் மேல் மஞ்சளாக எண்ணெய். சரி, இதையெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம், பொறுத்துக்கொண்டுதான் சில வாரங்களாக இங்கே உட்கார்ந்திருக்கிறேன். பொறுக்க முடியாதது காதுக்குள் இருக்கிறது. தில்லைநாயகம் சாரின் குரல். என் முனைவர் பட்ட ஆய்வுக்கு வழிகாட்டி, துறைத் தலைவர், மேடை ஏறினால் பெண் விடுதலை என்று சொல்லாமல் இறங்காதவர். மரக்காணத்து உப்பளங்களில் வேலை செய்யும் பெண்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்திருக்கிறார், நாளைக் காலை பல்கலைக்கழக அரங்கில் திரையிடல், வெளிநாட்டு விழாக்களுக்கு அனுப்புகிறவர்கள் எல்லாம் வருகிறார்களாம், படத்தொகுப்பு நான். சாயங்காலம் வந்து வாங்கிக்கிறேம்மா என்றிருக்கிறார். என் ஆய்வுச் சுருக்கம் அவர் மேசையில் கையெழுத்துக்குக் கிடக்கிறது. இரண்டையும் ஒரே மூச்சில்தான் சொன்னார், படத்த முடிச்சிடு, நான் சுருக்கத்தப் பாத்துடறேன். பேரம் என்றே தெரியாது, அவ்வளவு மிருதுவான குரல். பாலில் ஆடை படிந்ததுபோல ஒரு குரல். எனக்கு ஆடை என்றாலே குமட்டும்.

படத்தில் பார்வையாளர்கள் பார்ப்பது ஒரு டேக்கின் நடுத்துண்டு மட்டும்தான். அதற்கு முன்னால் ஒரு தலை உண்டு, பின்னால் ஒரு வால் உண்டு. கேமரா ஓடத் தொடங்கி ஆக்‌ஷன் சொல்வதற்குள் நடப்பது தலை. கட் சொன்ன பிறகு கேமரா நிற்பதற்குள் நடப்பது வால். அங்கேதான் எல்லாரும் தாங்களாக இருப்பார்கள். அதை எடிட்டர் மட்டும்தான் கேட்பாள், கேட்டு வெட்டி எறிவாள், எறிந்ததும் அப்படி ஒன்று நடக்கவே இல்லை என்றாகிவிடும். கேள்வி கேட்கிறவர் என்பதால் சார் சட்டையிலும் ஒரு மைக் குத்தியிருந்தார்கள். இன்றைக்கு மத்தியானம், சாப்பிட்டு வந்து, எடுத்தபடியே வெட்டாமல் கிடந்த கடைசி ரஷ்ஷைப் போட்டுக் கேட்டேன். பவுனம்மா தலையில் உப்புக்கூடையோடு வரப்பில் நடந்து வருகிறார். நடுவயது, கறுத்து இறுகிய கழுத்து, நடக்கும்போது தோழிகளைப் பார்த்து ஒரு சிரிப்பு. சாருக்கு அந்தச் சிரிப்பு ஆகவில்லை. "சிரிக்காதீங்க பவுனம்மா. கஷ்டத்த மனசுல நெனச்சிக்கிட்டு வாங்க." அதற்கு அவர், கூடையை இறக்காமலே, "எந்தக் கஷ்டத்த சார்? நெறைய கெடக்குது. எதுன்னு சொல்லுங்க, அத நெனச்சிக்கிறேன்." பின்னாலிருந்த பெண்கள் எல்லாம் கொல்லென்று சிரிக்கிறார்கள். நானும் இங்கே தனியாக உட்கார்ந்து சிரித்தேன். சிரித்துக்கொண்டே இருக்கும்போது கட் என்றார் சார், கேமராப் பக்கம் நடக்கும் காலடிச் சத்தம், கேமராக்காரரிடம் தாழ்ந்த குரலில், "பொடவைய இன்னும் ஏத்திச் சொருகச் சொல்லுய்யா. தொடை தெரிஞ்சாத்தான் உழைப்பு தெரியும்." ஒரு சிரிப்பு. கேமராக்காரர், "மைக் ஓடுது சார்." சார், "ஓடட்டும். எடிட்டிங்ல நம்ம பொண்ணு இருக்கு. தொடச்சிக் குடுத்துடும்."

திரும்பக் கேட்டேன். திரும்பத் திரும்ப. எத்தனை முறை கேட்டாலும் வார்த்தை மாறவில்லை. மைக் ஓடுவது தெரியாமல் உளறியிருந்தால் கேவலமான ஆள் என்று ஒரு வசவோடு முடித்துவிடலாம். தெரிந்துதான் பேசியிருக்கிறார். என்னை நம்பிப் பேசியிருக்கிறார். நம்ம பொண்ணு. கக்கூஸ் கழுவ ஒரு பிரஷ் வாங்கி வைத்திருப்பதுபோல, இருக்கு. அது இருக்கு. தொடச்சிக் குடுத்துடும். மத்தியானம் தின்ற தயிர்சாதம் நெஞ்சில் ஏறி நிற்கிறது, ஊறுகாயின் எண்ணெய் நாக்கின் அடியில், ஜன்னலைத் திறக்கலாம் என்றால் ஒலி வெளியே போகக் கூடாதென்று ஆணி அடித்து மூடியிருக்கிறார்கள்.

இதில் வேடிக்கை, என் ஆய்வே இதைப் பற்றித்தான். மார்த் வெர்னெல் என்ற பிரெஞ்சுக்காரி. அவளைத் தலைப்பாக எடுத்துக்கொள் என்று சொன்னவரும் இதே சார்தான், உன் கைக்கும் அவ கைக்கும் ஒரு பொருத்தம் இருக்கும்மா என்றார், அன்றைக்கு அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டு விடுதிவரை பறந்துகொண்டே போனேன். பதினேழு வயதில் பாரிஸில் ஒரு லேப்பில் பிலிம் ஒட்டச் சேர்ந்தவள். வெள்ளைப் பருத்திக் கையுறை, பசை நாற்றம், ஜன்னலில்லாத அறை. பிறகு உதவி எடிட்டர், பிறகு எத்தியென் காரோ என்ற பெரிய இயக்குநருக்கு ஆஸ்தான எடிட்டர், அவன் பெயர் வாங்கின படமெல்லாம் அவள் மேசையில் பிறந்தது, விருது வாங்கும்போது அவன் மேடையில், அவள் எட்டாவது வரிசையிலோ ஒன்பதாவது வரிசையிலோ. அவன் செத்த பிறகுதான், ஐம்பது தாண்டித்தான், அவளுக்குச் சொந்தமாகப் படம் எடுக்கப் பணம் கிடைத்தது. இரண்டே படம். ஆஸ்பத்திரிச் சமையற்கட்டில் வேலை செய்யும் இரண்டு பெண்களைப் பற்றி ஒன்று, அதில் ஒருத்தி பேசத் தொடங்கும் முன் இழுக்கும் மூச்சையெல்லாம் வெட்டாமல் விட்டிருப்பாள். விமர்சகர்கள் என்ன எழுதினார்கள்? காரோவின் நிழல் தெரிகிறது என்று. த்தூ. அவன் படங்களில் தெரிந்த இவள் நிழலை ஒருத்தன் எழுதினானா? எழுதினார்கள், எழுதினார்கள், படத்தொகுப்பு கண்ணுக்குத் தெரியாத கலை என்று எழுதினார்கள். கேட்கவே எவ்வளவு அழகாக இருக்கிறது. நானும் என் முதல் அத்தியாயத்தில் அதைப் பக்தியோடு எடுத்துப் போட்டிருக்கிறேன். கண்ணுக்குத் தெரியாத கலை. சாக்கடை அள்ளுவதும் கண்ணுக்குத் தெரியாமல்தான் நடக்கிறது, அதை எவனாவது கலை என்கிறானா?

மார்த்தோடும் எனக்குச் சண்டை இருக்கிறது. வயதான பிறகு அவள் கொடுத்த ஒரு பேட்டி இணையத்தில் கிடைத்தது, அரைகுறைப் பிரெஞ்சை வைத்துக்கொண்டு அகராதியும் கையுமாகக் கேட்டேன். காரோவைப் பற்றி என்ன ஞாபகம் வருகிறது என்கிறான் பேட்டி எடுப்பவன். குரல் என்கிறாள். எந்தக் குரல்? படத்தில் இல்லாத குரல். நடிகைகளை அவன் திட்டித் திட்டி அழவைத்து அந்த அழுகையைப் படம் பிடிப்பானாம். கட் சொல்லிவிட்டு மைக் பக்கம் குனிந்து, மார்த், இதை நீ கேட்கவில்லை என்பானாம். ஒவ்வொரு முறையும். எடிட்டிங் அறையில் உட்கார்ந்து அவள் அதைக் கேட்பாளாம், கேட்டு வெட்டுவாளாம். இதைச் சொல்லிவிட்டு அந்தக் கிழவி சிரிக்கிறாள். ஏன் சிரித்தாய்? இல்லை, கேட்கிறேன். வாதத்துக்கு வைத்துக்கொள்வோம், உனக்கு வேறு வழியில்லை, வேலை போய்விடும், பெண் எடிட்டர்களே விரல் விட்டு எண்ணுகிற அளவு, சரி, ஒப்புக்கொள்கிறேன். வெட்டினாய், சரி. அவன் செத்த பிறகு? உனக்கென்று ஒரு படம் கிடைத்த பிறகு? அதில் மூச்சை விட்டுவைக்கத் தெரிந்தவளுக்கு அந்தக் குரலை ஒரு இடத்தில், ஒரே இடத்தில், விட்டுவைக்கத் தெரியவில்லையா? எனக்கு அந்தச் சிரிப்பைப் பார்க்கப் பார்க்க அருவருப்பாக இருந்தது, அருவருப்புக்குக் காரணம் என்னவென்று அப்போது புரியவில்லை, அத்தியாயத்தில் அதைச் சேர்க்காமல் விட்டுவிட்டேன். பார்த்தாயா. நானும் வெட்டிவிட்டேன்.

அப்புறம் என்ன, வெட்டாமல் விட்டுவிட வேண்டியதுதான் என்று கை போனது. அப்படியே அந்த வாலைப் படத்துக்குள் இழுத்துப் போடு. சிரிப்பு, கட், தொடை, நம்ம பொண்ணு, எல்லாம். நாளை அரங்கம் நிறைய ஆட்கள், முதல் வரிசையில் சார், பட்டு ஜிப்பா, மேலே ஸ்பீக்கரில் அவர் குரலே. நினைக்கவே நன்றாக இருந்தது. மிகவும் நன்றாக இருந்தது, அதுதான் உறுத்தியது. ஜெசிந்தாவுக்குப் போன் செய்தேன், அறைத் தோழி, இதே துறையில் இன்னொருவரிடம் ஆய்வு செய்கிறாள். முழுவதும் கேட்டுவிட்டு, "பட்டம் வாங்குற வரைக்கும் காதுல பஞ்ச வெச்சிக்கடி" என்றாள். "அப்புறம்?" "அப்புறம் வேல வாங்குற வரைக்கும்." "அப்புறம்?" "ஏய், உனக்கு வாதம் பண்ண ஆள் வேணும், எனக்குக் கொடியில துணி காயுது, மழை வர்ற மாதிரி இருக்கு" என்று வைத்துவிட்டாள். அவளும் ஒரு நியாயம்தான் சொல்கிறாள். எல்லாரும் ஒரு நியாயம் வைத்திருக்கிறார்கள், எல்லா நியாயமும் இந்த ஹெட்போன் மாதிரி, யார் யாரோ போட்டுக் கழற்றியது.

பவுனம்மா எண் என்னிடம் இருந்தது. முதல் முறை இடம் பார்க்கப் போனபோது அவரே வாங்கி வைத்துக்கொண்டார், அவ்வப்போது கூப்பிட்டு, படம் டிவியில எப்ப வருது என்பார். கூப்பிட்டேன். எதற்குக் கூப்பிட்டேன்? நேர்மையாக யோசித்தால், சம்மதம் கேட்க இல்லை, கைதட்டு வாங்க. "என்னா பாப்பா, டிவில வருதா?" "டிவி இல்லக்கா. நாளைக்குக் காலேஜ்ல போடறாங்க. அக்கா, அன்னைக்கு சார் ஒண்ணு சொன்னாரு, அது ரெக்கார்டு ஆகியிருக்கு." பின்னால் ஒரு ஆடு கத்தியது. "பொடவ விஷயமா?" "உங்களுக்குக் கேட்டுச்சாக்கா?" "காத்து எங்க பக்கமாத்தான அடிச்சிச்சி. நான் என்னா செவிடா?" என் வாயில் அடக்க முடியாமல் வந்தது, "அப்புறம் ஏங்க்கா திரும்ப நடந்தீங்க?" கேட்ட உடனே நாக்கைக் கடித்துக்கொண்டேன். "நடக்காம? கூட தலைல இருக்குது, கொட்டுற எடம் அந்தப் பக்கம். அவன் சொன்னதுக்கு ஒரு விரக்கட ஏத்தல நானு. நீயே பாரு." அடுத்த டேக்கில் பார்த்திருக்கிறேன். ஏற்றவில்லை. "அக்கா, நான் அத வெட்டாம விடப் போறேன். எல்லாரும் கேக்கட்டும் அந்தாளு லட்சணத்த." "கேட்டு?" "அசிங்கப்படுவாரு." "அவுரு எங்க அசிங்கப்படப் போறாரு, காரேறிப் போயிடுவாரு. எவனாவது போன்ல புடிச்சி அனுப்புவான், எம் மவன் பாப்பான், எங்க தெரு பாக்கும், தொட தொடன்னு என்னத்தான் சொல்லுவானுங்க. எடுத்துடு அத." "அப்ப அவரு தப்பிச்சிடுவாரேக்கா!" அவர் குரல் இப்போது எரிச்சலாகிவிட்டது. "உனுக்கு அந்தாளோட சண்டன்னா நீ போடு. எம் பொடவய ஏன் நடுவுல இழுக்கற?" எனக்குச் சுருக்கென்றது, கோபமும் வந்தது, உங்களுக்காகத்தானே என்று சொல்ல வாயெடுத்தேன், நல்ல வேளை அவர் முந்திக்கொண்டார். "நான் சிரிச்சன் பாரு, அத வெச்சிருக்கியா?" "இருக்குக்கா." "அது இருக்கட்டும். அத எனுக்கு போன்ல அனுப்பு. ஆடு வாழக்கண்ண மேயுது, வெச்சிடறன்."

வைத்துவிட்டார். எனக்கு அவர் மேலும் எரிச்சல், சுத்த பயந்தாங்கொள்ளி, இப்படி இருப்பதால்தானே என்று ஒரு பிரசங்கம் மனதுக்குள் தொடங்கியது, தொடங்கின குரல் சாரின் மேடைக்குரல் மாதிரியே இருந்தது, நிறுத்திக்கொண்டேன். உழைப்பு தெரியணும் என்று சார். அநியாயம் தெரியணும் என்று நான். இரண்டு பேருக்கும் அதே கால் வேண்டியிருக்கிறது. அந்த நினைப்பு எழுந்ததும் நாற்காலியில் உட்கார முடியவில்லை, அறைக்குள் நடந்தேன், நாலு எட்டு வைத்தால் சுவர், சுவரில் யாரோ கையைத் துடைத்த கறை. மார்த் இதற்காகத்தான் அந்தக் குரலைத் தன் படத்தில் வைக்கவில்லையோ? அந்த நடிகைகள் இன்னும் உயிரோடு இருந்தார்களோ, அவர்களுக்கும் தெருவும் மகனும் இருந்தார்களோ? இல்லை, அவளுக்காக நான் ஏன் சாக்கு தேடுகிறேன்? அந்த நடிகைகளை அழவைத்தது அவர்கள் விஷயம், சரி. ஆனால் மார்த், இதை நீ கேட்கவில்லை என்ற அந்த ஒரு வரி? அதில் எந்த நடிகையும் இல்லை. அது உன் பெயரைச் சொல்லி உனக்குச் சொன்னது. அது உன்னுடையது. அதை வைத்திருக்கலாம், யாரையும் கேட்காமல் வைத்திருக்கலாம்.

உட்கார்ந்தேன். புடவையையும் தொடையையும் எடுத்தேன், சுத்தமாக, ஒரு எழுத்துகூட மிஞ்சாமல், அந்த ரஷ்ஷிலிருந்தே அழித்தேன், பிரதியிலிருந்தும் அழித்தேன், நாளைக்கு எவனும் தோண்டி எடுக்கக் கூடாது. சார் வேண்டாம் என்ற பவுனம்மாவின் சிரிப்பையும், அவர் பதிலையும், பெண்களின் சிரிப்பையும் படத்தின் நடுவில் முழுசாக வைத்தேன். பிறகு இருட்டுத் திரை. படத்தொகுப்பு, நிறைமதி என்று என் பெயர். அதன் மேல் அவர் குரல். "எடிட்டிங்ல நம்ம பொண்ணு இருக்கு. தொடச்சிக் குடுத்துடும்." அதற்குப் பிறகு உப்பளத்துக் காற்று கொஞ்சம், அவ்வளவுதான். போட்டுப் பார்த்தேன். அந்தக் கையெழுத்து இல்லையென்றால் உதவித்தொகை நிற்கும், விடுதி அறை போகும், வந்தவாசிக்குத் திரும்ப வேண்டும், டாக்டரம்மா எப்போ ஆகப் போறா என்று அம்மாவைக் கேட்கும் ஒவ்வொருவருக்கும் அம்மா ஒரு பதில் தயாரிக்க வேண்டும். வேறு வழிகாட்டி யார் எடுப்பார்கள்? துறைத் தலைவரோடு முறைத்துக்கொண்டு வந்தவளை? எடுத்துவிடலாமா, பெயரை மட்டும் வைத்துவிட்டு, சுட்டுவிரல் அழிக்கும் பட்டன் மேலேயே இருக்கிறது, விரலடியில் சமோசா எண்ணெய், ஒரு அழுத்து அழுத்தினால் போதும், யாருக்கும் தெரியாது, என்னைத் தவிர யாருக்கும், மார்த் எத்தனை வருடம் இப்படி விரலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாளோ, கதவு திறக்கிறது.

"முடிஞ்சுதாம்மா?" ஏலக்காய் மென்ற வாசனை முதலில் வந்தது, பிறகுதான் அவர். பக்கத்து நாற்காலியை இழுத்து, தேவைக்கு மேல் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார். என் உதடு தானாக விரிந்து ஒரு சிரிப்பு சிரித்தது, அதை அறைய வேண்டும்போல இருந்தது. "பாத்துடுங்க சார்." ஹெட்போனை அவரிடம் கொடுக்கவில்லை, ஸ்பீக்கரில் போட்டேன். பார்த்தார். பவுனம்மா கேட்ட இடத்தில் நெற்றியைச் சுருக்கினார், இத எடுத்துடலாமே என்றார், நான் படத்தை நிறுத்தாமல் ஓடவிட்டேன். கடைசியில் இருட்டு வந்தது. என் பெயர் வந்தது. அவர் குரல் வந்தது. நான் திரையைப் பார்க்காமல் அவர் முகத்தைப் பார்த்தேன். இதற்குத்தான் இவ்வளவு நேரம் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், அந்த முகம் சுருங்குவதைப் பார்க்க. அது சுருங்கவில்லை. கண் ஒரு முறை சிமிட்டியது. அப்புறம் மெல்ல மலர்ந்தது. "அட!" என்றார். "பிரமாதம்மா. படம் தன்னையே கேள்வி கேக்குது பாரு. இயக்குநரோட அதிகாரத்தையே உடைச்சுக் காட்டுது. மார்த் வெர்னெல் வீண் போகல. நாளைக்குப் பேசும்போது நான் இதத்தான் முதல்ல சொல்லப் போறேன், வேணும்னே என் குரல விட்டு வெச்சேன்னு." வேணும்னே. என் குரல. விட்டு வெச்சேன். எனக்கு உடம்பெல்லாம் ஏதோ ஊர்ந்தது. எதைக் கொடுத்தாலும் தின்பார். சாக்கடையை அவர் முகத்தில் ஊற்றினாலும் பன்னீர் என்று தேய்த்துக்கொண்டு மேடையேறுவார், கீழே கைதட்டுவார்கள்.

"இது உத்தி இல்ல சார்" என்றேன். "என்னம்மா?" "இது உத்தி இல்ல. இது நீங்க." அவர் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்தார். "அதத்தாம்மா நானும் சொல்றேன், நானே என்னை..." "மைக் ஓடுதுன்னு அவரு சொன்னாரு. தெரிஞ்சுதான் பேசுனீங்க. எனக்கு அருவருப்பா இருக்கு சார்." வார்த்தை வெளியே வந்ததும் அறை சின்னதாகிவிட்டது. சிரிப்பு போக நேரம் எடுத்தது, முதலில் கண்ணிலிருந்து, பிறகு கன்னத்திலிருந்து, வாயில் மட்டும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது. கண்ணாடியைக் கழற்றி ஜிப்பா நுனியால் துடைத்தார். அதே மிருதுவான குரலில், "உன் சுருக்கம் என் மேசையில இருக்கு. ஞாபகம் இருக்கில்ல?" "இருக்கு சார்." "அப்ப அந்தக் கடைசியையும் அந்தம்மா பேசறதையும் எடுத்துட்டு, நல்ல புள்ளையா காப்பி போட்டு எடுத்துட்டு வா. நான் ரூம்ல இருக்கேன்." ஹெட்போனைக் கழுத்திலிருந்து எடுத்து கீபோர்டின் மேல் வைத்தேன். "வேற ஆளப் பாத்துக்குங்க சார். என் பேரையும் எடுத்துடுங்க, எனக்கு வேணாம்." எழுந்தேன். நாற்காலிகளுக்கு நடுவே வழியில்லை, அவர் முழங்காலை நகர்த்தவில்லை, சுவரோடு ஒட்டிச் சுற்றிப் போனேன். "நிறைமதி" என்றார். முதல் முறையாகப் பெயர், பின்னால் ‘ம்மா’ இல்லை.

கதவை இழுத்துக்கொண்டு வெளியே வந்தேன். தாழ்வாரத்தில் வெயில் இன்னும் இருந்தது, கொஞ்சம் மழை வாசனையும். ஏசி அறை என்று எல்லாரும் வெளியே கழற்றிவிட்டுத்தான் உள்ளே போவோம், என் செருப்பைக் காணோம். தேடினேன். அவருடைய ஷூக்கள் அதன் மேல் கிடந்தன, கழற்றிய வாக்கில், உள்ளே ஈரமாகச் சுருட்டித் திணித்த சாக்ஸ், அந்த நாற்றம் நின்ற இடத்திலேயே முகத்தில் ஏறியது. கையால் தொட மனமில்லை. கால் பெருவிரலால் தள்ளினேன். ஒன்று நகர்ந்தது, இன்னொன்று உருண்டு குப்புறக் கவிழ்ந்தது, அடியில் உப்பளத்து மண்ணோ என்னவோ வெள்ளையாக ஒட்டியிருந்தது. செருப்பை மாட்டிக்கொண்டு, கவிழ்ந்ததை நிமிர்த்தி வைக்கக் குனிந்தேன், யோசிக்காமலே, கை பாதிவரைக்கும் போய்விட்டது. நிமிர்ந்தேன். அது அப்படியே கிடக்க, நடந்தேன்.